கையடக்கக் கேம் கருவியில் சேவ் டேட்டாவை அழிப்பது எப்படி? முழுமையான வழிகாட்டி

பள்ளி விடுமுறை தொடங்கினால் திருகோணமலையில் எங்கள் பக்கத்துப் பிள்ளைகள் கருவியோடு வந்து நிற்பார்கள். "அண்ணா, கேமை அழிச்சுப்போட்டுத் திரும்ப ஏத்தினாலும் பழைய இடத்திலயே நிக்குது. முதலில இருந்து விளையாட ஏலாதா?" என்று ஒருவன் கேட்பான். "இடம் காணாதெண்டு கேமை எடுத்தனான், விளையாடினதெல்லாம் போயிட்டுது" என்று இன்னொருத்தி கண் கலங்குவாள். இரண்டு பேரும் செய்தது ஒரே வேலைதான். அவன் கையில் இருப்பது நின்டெண்டோ சுவிட்ச், அவள் கையில் இருப்பது பிஎஸ் வீட்டா. சுவிட்சில் கேமை எடுத்தாலும் சேவ், அதாவது எதுவரை விளையாடினோம் என்ற பதிவு, அப்படியே இருக்கும். வீட்டாவில் கேமோடு சேவும் சேர்ந்து போய்விடும்.

இந்த ஒரு வித்தியாசம் தெரியாததால்தான் பாதிக் கண்ணீர் வருகிறது. சேவ் என்பது ஒரு பிள்ளை மாதக்கணக்கில் உட்கார்ந்து சேர்த்தது. அழித்துவிட்டால் பெரும்பாலான கருவிகளில் அதைத் திருப்பி எடுக்க வழியே இல்லை. அதனால் எந்தப் பொத்தானையும் அழுத்தும் முன் இரண்டு விஷயத்தைக் கண்டுபிடியுங்கள்: அந்த சேவ் எங்கே இருக்கிறது, யாருடையது.

சேவ் எங்கே உட்கார்ந்திருக்கிறது?

நான்கு இடங்களில் ஒன்றில் இருக்கும்: கருவியின் உள்நினைவகம், மெமரி கார்ட், கேம் காட்ரிட்ஜ் (கருவியில் செருகும் சின்ன கேம் அட்டை), அல்லது இணையத்தில் உள்ள கிளவுட்.

சுவிட்சில் சேவ் எப்போதும் உள்நினைவகத்தில்தான் இருக்கும். கேமை மைக்ரோ எஸ்டி கார்டில் ஏற்றியிருந்தாலும், காட்ரிட்ஜ் போட்டு விளையாடினாலும் அப்படித்தான். கார்டை மாற்றினால் சேவ் போய்விடும் என்று பயப்பட வேண்டாம். கிண்ணியாவில் இருக்கும் கூட்டாளிக்குக் காட்ரிட்ஜை இரவல் கொடுத்தால், அவன் உங்கள் சேவைத் தொடவே முடியாது.

நின்டெண்டோ டிஎஸ், த்ரீடிஎஸ் இரண்டிலும் கதை வேறு. காட்ரிட்ஜ் கேம் என்றால் பெரும்பாலும் சேவ் அந்தக் காட்ரிட்ஜுக்குள்ளேயே இருக்கும். பழைய காட்ரிட்ஜ் ஒன்றை வாங்கி வந்து போட்டால், முன்பு வைத்திருந்த பிள்ளையின் பெயரும் சேர்த்துவைத்த போக்கிமான்களும் உள்ளே கிடப்பது இதனால்தான். த்ரீடிஎஸ்ஸில் டவுன்லோட் செய்த கேம் என்றால் சேவ் எஸ்டி கார்டில் இருக்கும்.

பிஎஸ்பியின் யூஎம்டி தட்டில் எதையும் எழுத முடியாது. எனவே சேவ் முழுவதும் மெமரி ஸ்டிக்கில். எமுலேட்டர் (பழைய கருவிகளின் கேம்களை வேறு கருவியில் ஓட்டும் மென்பொருள்) ஓடும் சீனக் கருவிகளில் மைக்ரோ எஸ்டி கார்டில் சாதாரண ஃபைலாக இருக்கும். ஸ்டீம் டெக்கில் கருவியிலும் இருக்கும், பல கேம்களுக்குக் கிளவுட்டிலும் ஒரு பிரதி இருக்கும்.

அழிக்கத்தான் வேண்டுமா?

இந்தக் கேள்வியைத் தாண்டி அவசரமாகக் கீழே போய்விடாதீர்கள். அழிக்க நினைக்கிற பலருக்கு உண்மையில் அழிக்கத் தேவையே இல்லை.

இடம் போதவில்லை என்றால் சேவில் கை வைப்பதால் பலன் கிடையாது. ஒரு கேம் பல ஜிகாபைட் பிடிக்கும். அதன் சேவ் பெரும்பாலும் சில மெகாபைட், சிலவேளை அதைவிடக் குறைவு. முதலில் வந்த சுவிட்சில் 32 ஜிகாபைட்தான், ஓலெட் மாடலில் 64. இடம் நெருக்கினால் முகப்புத் திரையில் கேமின் மேல் நின்று பிளஸ் பொத்தானை அழுத்தி, மேனேஜ் சாஃப்ட்வேர் பகுதியில் ஆர்கைவ் சாஃப்ட்வேர் என்பதைத் தேர்ந்தெடுங்கள். கேம் போய் ஐகான் மட்டும் நிற்கும், சேவுக்கு ஒன்றும் ஆகாது.

தம்பிக்கு முதலில் இருந்து விளையாட ஆசை, அண்ணனின் சேவ் மறிக்கிறது என்றால், சுவிட்சில் தம்பிக்கென்று புதிய யூசர் ஒன்றை உருவாக்கிக் கொடுங்கள். ஒரு சுவிட்சில் 8 யூசர் வரை வைக்கலாம், ஒவ்வொருவருக்கும் தனித்தனி சேவ். இரண்டு நிமிட வேலை. ஒரு வீட்டுச் சண்டை அதோடு முடிந்துவிடும்.

பெற்றோருக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஓ.எல். சோதனை நெருங்கும்போது "இதை முழுக்க அழிச்சு விடுங்கோ, அப்பத்தான் படிப்பான்" என்று கருவியைக் கொண்டுவருபவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து வேண்டாம். அழித்தாலும் கேம் அங்கேதான் இருக்கும், பிள்ளை முதலில் இருந்து தொடங்கி இன்னும் கூடுதல் நேரம் உட்காருவான். மனதிலும் காயம் நிற்கும். சுவிட்சில் பேரன்டல் கன்ட்ரோல்ஸ் இருக்கிறது. உங்கள் போனில் அதற்கான செயலியைப் போட்டால், ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம் என்று எல்லை வைக்கலாம். அல்லது சோதனை முடியும்வரை கருவியை அலுமாரிக்குள் வைத்துப் பூட்டுங்கள்.

"சேவ் வாசிக்கவில்லை, கெட்டுப்போயிட்டுது" என்று அழிக்க வருபவர்களுக்கும் ஒரு வார்த்தை. எங்கள் ஊரில் கடல் எங்கும் தூரமில்லை. டச்சுக்குடா, உப்புவெளி, நிலாவெளிப் பக்க வீடுகளில் உப்புக்காற்று உலோகத்தை விட்டுவைப்பதில்லை. காட்ரிட்ஜின் கீழ்ப்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். வரிசையாக இருக்கும் பொன்னிறப் பற்கள் மங்கி, இடையில் பச்சையாகவோ கறுப்பாகவோ படிந்திருந்தால், கெட்டது சேவ் அல்ல, தொடர்பு. காது துடைக்கும் பஞ்சுக்குச்சியில் ஐசோபுரோப்பில் அல்கஹோல் கொஞ்சம் தொட்டு, பற்களின் நீளவாக்கில் மெதுவாகத் துடையுங்கள். நன்றாகக் காய்ந்த பிறகு போட்டுப் பாருங்கள். வாயால் ஊதாதீர்கள், எச்சில் ஈரம் அரிப்பைக் கூட்டும்.

சுவிட்சில் கேம் இடையில் நின்றுபோனால், மேனேஜ் சாஃப்ட்வேர் பகுதியில் உள்ள செக் ஃபார் கரப்ட் டேட்டாவை முதலில் ஓடவிடுங்கள். அது கேம் ஃபைல்களைச் சரிபார்க்கும், சேவைத் தொடாது.

தொடங்கும் முன்

கருவியில் பாதிக்கு மேல் சார்ஜ் இருக்கட்டும். எழுதிக்கொண்டிருக்கும்போது பற்றரி இறங்கினால், நீங்கள் அழிக்க நினைக்காததும் சேர்ந்து கெடலாம்.

எங்கள் ஊருக்கு வரும் கருவிகளில் நிறைய, லண்டன், ரொறன்ரோ, சுவிஸ் என்று இருக்கும் மாமா, சித்தி வீட்டுப் பிள்ளைகள் விளையாடிவிட்டுக் கொடுத்தவை. திரை முழுக்க ஜெர்மனோ பிரெஞ்சோ இருக்கும். புரியாத மொழியில் நின்றுகொண்டு அழிக்கும் பொத்தானை ஊகித்து அழுத்துவது ஆபத்து. சுவிட்சில் முகப்புத் திரையின் கீழ் வரிசையில் பல்சக்கர ஐகானைத் தொட்டு, இடப்பக்கப் பட்டியலின் ஆகக் கடைசிக்குப் போங்கள். அதுதான் சிஸ்டம். அதற்குள் மொழியை ஆங்கிலமாக மாற்றினால் கருவி ஒருமுறை அணைந்து எழும்பும். சேவ் எதுவும் மாறாது.

அப்புறம், அந்தச் சேவின் சொந்தக்காரரிடம் கேளுங்கள். வெளிநாட்டில் இருக்கும் மச்சானாக இருந்தாலும் வாட்ஸ்அப்பில் ஒரு வார்த்தை: "மச்சான், உன்ர கேமெல்லாம் உள்ளுக்க கிடக்கு, அழிக்கவா?" வேண்டாம் என்றால் அவருடைய யூசரை அப்படியே விட்டுவிட்டு உங்களுக்குப் புதியது ஒன்றைப் போடலாம்.

நின்டெண்டோ சுவிட்ச்

1. கேம் ஓடிக்கொண்டிருந்தால் முகப்புத் திரைக்கு வந்து, எக்ஸ் பொத்தானால் அதை மூடுங்கள்.

2. பல்சக்கர ஐகான், அதற்குள் டேட்டா மேனேஜ்மென்ட்.

3. வலப்பக்கப் பட்டியலில் கீழே இறங்கி டிலீட் சேவ் டேட்டாவுக்குப் போங்கள். கேம்களின் பெயர்கள் வரிசையாக வரும். எப்போதோ எடுத்துவிட்ட கேமின் பெயரும் அங்கே இருந்தால் ஆச்சரியப்பட வேண்டாம். அதன் சேவ் இன்னும் உள்ளே இருக்கிறது என்றுதான் அர்த்தம்.

4. கேமைத் தேர்ந்தெடுங்கள். இங்கேதான் நிதானம் வேண்டும். ஒரு யூசரின் சேவை மட்டும் அழிக்கும் தெரிவும், அந்தக் கேமின் எல்லா சேவையும் அழிக்கும் தெரிவும் ஒரே திரையில் இருக்கும். யூசரின் படத்தையும் பெயரையும் பார்த்து, உங்களுடையதுதான் என்று உறுதி செய்த பின் தேர்ந்தெடுங்கள்.

5. திரும்பப் பெற முடியாது என்ற எச்சரிக்கை வரும். அதை வாசித்துவிட்டு உறுதி செய்யுங்கள்.

அவ்வளவுதான். கேமைத் திறந்தால் புதிதாக வாங்கியது போலத் தொடங்கும்.

அனிமல் க்ராசிங் நியூ ஹொரைசன்ஸ் மட்டும் இந்த வழிக்குள் வராது. அதில் ஒரு கருவிக்கு ஒரே தீவு. எத்தனை யூசர் இருந்தாலும் எல்லோரும் அதே தீவில்தான் குடியிருப்பார்கள். புதிய யூசர் போட்டால் புதிய தீவு கிடைக்காது. தீவையே புதிதாகத் தொடங்க வேண்டுமென்றால் அந்தக் கேமின் எல்லா சேவையும் அழிக்கும் தெரிவுதான் வழி. அப்படிச் செய்தால் அக்கா கட்டிய வீடும், அம்மா நட்ட பூவும் எல்லாமே போய்விடும். வீட்டில் எல்லோரையும் கூப்பிட்டு வைத்துக் கேட்காமல் இதைச் செய்யக் கூடாது.

போக்கிமான் ஸ்வோர்ட், ஷீல்ட் இரண்டிலும் கேமுக்குள் புதிய ஆட்டம் தொடங்கும் தெரிவு கிடையாது. யூசருக்கு ஒரே சேவ். எனவே மேலே சொன்ன வழியால் அழிக்க வேண்டும், அல்லது புதிய யூசரில் தொடங்க வேண்டும். நான் இரண்டாவதைத்தான் சொல்வேன்.

யூசர்ஸ் பகுதியில் போய் ஒரு யூசரையே நீக்கினால், அந்த யூசரின் எல்லாக் கேம் சேவும் ஒரேயடியாக அழியும். முகப்பில் படங்கள் கூடிவிட்டன என்று சுத்தம் செய்யப் போகிற பிள்ளைகள் இதில் விழுகிறார்கள்.

நின்டெண்டோ சுவிட்ச் ஆன்லைன் சந்தா இருந்தால் பல கேம்களின் சேவ் கிளவுட்டிலும் போய் நிற்கும். கருவியில் அழித்தது கிளவுட்டில் உள்ளதை அழிக்காது. டேட்டா மேனேஜ்மென்டுக்குள் சேவ் டேட்டா கிளவுட் பகுதியில் எந்தக் கேமுக்குப் பிரதி இருக்கிறது என்று பார்க்கலாம். எதிர்காலத்தில் மனம் மாறக்கூடும் என்றால் அழிக்கும் முன் அங்கே ஒரு பிரதி ஏற்றிவிட்டு, தானியங்கி ஏற்றத்தை நிறுத்திவையுங்கள். ஸ்ப்ளாட்டூன் 2, போக்கிமான் ஸ்வோர்ட், ஷீல்ட் போன்ற சில கேம்களுக்கு இந்தக் கிளவுட் வசதி கிடையாது. அவற்றில் போனது போனதுதான். சந்தா முடிந்துவிட்டால் 180 நாளுக்குள் மீண்டும் சேர்பவர்களுக்குப் பழைய பிரதிகளைத் தருவதாக நின்டெண்டோ சொல்கிறது. அதற்கு மேல் நம்பியிருக்க வேண்டாம்.

இன்னொரு சுவிட்சுக்கு மாறுவதால்தான் பழையதில் அழிக்கப் போகிறீர்கள் என்றால், அழிப்பதற்குப் பதில் டேட்டா மேனேஜ்மென்டில் உள்ள டிரான்ஸ்ஃபர் யுவர் சேவ் டேட்டாவைப் பயன்படுத்துங்கள். இரண்டு கருவியையும் பக்கத்தில் வைத்துச் செய்ய வேண்டும். சேவ் புதியதற்குப் போனதும் பழையதில் இருந்து தானாகவே இல்லாமல் போகும்.

டிஎஸ், த்ரீடிஎஸ், பழைய கேம் பாய்

இவற்றில் முதலில் கேமுக்குள்ளேயே தேடுங்கள். பல கேம்களில் ஆப்ஷன்ஸ் பகுதியிலோ, ஃபைல் தேர்ந்தெடுக்கும் திரையிலோ அழிக்கும் தெரிவு இருக்கும்.

போக்கிமான் கேம்களில் அது கண்ணுக்குத் தெரியாது. தலைப்புத் திரையில் நிற்கும்போது சில பொத்தான்களைச் சேர்த்து அழுத்த வேண்டும். கேம் பாய், கேம் பாய் அட்வான்ஸ், டிஎஸ் காலத்துப் போக்கிமான்களில் மேல் அம்பு, செலக்ட், பி மூன்றும் ஒன்றாக. த்ரீடிஎஸ் காலத்து எக்ஸ், வை, சன், மூன் முதலியவற்றில் மேல் அம்பு, எக்ஸ், பி. அழிக்கவா என்று கேட்கும். அந்தக் கேள்வியில் கர்சர் எந்தத் தெரிவில் நிற்கிறது என்று பார்த்துவிட்டு அழுத்துங்கள். அழிக்கும் முன் கூட்டாளியின் கருவிக்கு உங்கள் நல்ல போக்கிமான்களை டிரேட் செய்து பாதுகாக்கலாம்.

கேம் பாய் காட்ரிட்ஜ்கள் பலவற்றில் சேவைத் தாங்கி நிற்பது உள்ளே இருக்கும் ஒரு சின்னப் பொத்தான் பற்றரி. அது இறந்தால் அல்லது கழற்றினால் சேவ் போய்விடும். ரிப்பேர் கடையில் பற்றரி மாற்றக் கொடுக்கும்போது பிள்ளைக்கு இதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். அட்வான்ஸில் வந்த போக்கிமான் ரூபி, சஃபயர், எமரால்டில் மட்டும் பற்றரி கடிகாரத்துக்கானது, சேவுக்கு ஆபத்தில்லை.

பிஎஸ்பி

பிஎஸ்பி இன்னும் எங்கள் ஊரில் உயிரோடு இருக்கிறது. அதில் எனக்குப் பிடித்தது, அழிக்கும் முன் பிரதி எடுப்பது மிகச் சுலபம் என்பது. மினி யூஎஸ்பி வயர் வேண்டும், பழைய டிஜிட்டல் கமராக்களுக்கு வந்த அதே வயர்தான். போன் வயர் பொருந்தாது.

கணினியோடு இணைத்து, செட்டிங்ஸில் யூஎஸ்பி கனெக்ஷனைத் திறந்தால் மெமரி ஸ்டிக் ஒரு டிரைவாகத் தெரியும். பிஎஸ்பி என்ற ஃபோல்டருக்குள் சேவ்டேட்டா என்று ஒன்று இருக்கும். உள்ளே எழுத்தும் எண்ணும் கலந்த பெயரில் பல ஃபோல்டர்கள். எது எந்தக் கேம் என்று குழம்பினால், ஒவ்வொன்றுக்குள்ளும் ஐகான்0 என்ற படம் இருக்கிறது, திறந்து பாருங்கள். வேண்டாம், எதற்குக் கரைச்சல் என்றால் சேவ்டேட்டா முழுவதையும் கணினிக்குக் கொப்பி செய்துவிடுங்கள்.

பிறகு பிஎஸ்பியில் கேம் ஐகானுக்குப் போய், சேவ்ட் டேட்டா யுட்டிலிட்டியைத் திறந்து, சேவின் மேல் நின்று முக்கோணப் பொத்தானை அழுத்துங்கள். வலப்பக்கம் வரும் பட்டியலில் டிலீட், பிறகு யெஸ். கரப்டட் டேட்டா என்று காட்டும் சேவையும் இப்படியே அழிக்கலாம். மெமரி ஸ்டிக்கை ஃபார்மேட் செய்யும் தெரிவைத் தொடாதீர்கள், அதில் கேம், பாட்டு, படம் எல்லாமே போகும்.

பிஎஸ் வீட்டா

வீட்டா கேமின் சேவ் கேமோடு ஒட்டியே இருக்கிறது. முகப்புத் திரையில் அந்தக் கேமின் குமிழை அழித்தால் சேவும் அழியும். முதலில் இருந்து தொடங்க விரும்புகிறவருக்கு இது வசதி, இடத்துக்காக எடுப்பவருக்கு நட்டம். கணினியில் கன்டென்ட் மேனேஜர் அசிஸ்டன்ட் இருந்தால் முதலில் அங்கே பிரதி எடுத்துவிட்டு அழியுங்கள்.

சீன எமுலேட்டர் கருவிகள்

400 கேம் உள்ளே என்று விற்கும் சின்னப் பெட்டிகளில் பொதுவாகச் சேவ் கிடையாது, அழிக்கவும் ஒன்றுமில்லை. ரெட்ரோஆர்க் என்ற எமுலேட்டர் மென்பொருள் ஓடும் கருவிகளில்தான் விஷயம் இருக்கிறது. அவற்றில் இரண்டு வகைச் சேவ். ஒன்று கேம் தானே எழுதுவது, அதன் ஃபைல் பெயர் எஸ்.ஆர்.எம் என்று முடியும். இன்னொன்று நீங்கள் நினைத்த இடத்தில் நிறுத்திப் பிடித்துவைப்பது, அது ஸ்டேட் என்று முடியும்.

பிள்ளைகள் ஒன்றை அழித்துவிட்டு மற்றதை மறந்துவிடுவார்கள். கருவி அணையும்போது தானாக எழுதும் ஸ்டேட் ஃபைல் ஒன்றும் இருக்கலாம், அதன் பெயர் ஆட்டோ என்று முடியும். அது கிடந்தால், எஸ்.ஆர்.எம்மை அழித்த பிறகும் கேம் திறந்தவுடன் பழைய இடத்திலேயே போய் நிற்கும்.

கருவியை முழுதாக அணைத்து, கார்டை எடுத்துக் கார்ட் ரீடரில் போடுங்கள். சேவ்ஸ், ஸ்டேட்ஸ் என்ற ஃபோல்டர்களைப் பாருங்கள். சில கருவிகளில் கேம் ஃபைல் இருக்கும் அதே ஃபோல்டரிலேயே சேவும் கிடக்கும். கேமின் பெயரே சேவுக்கும் பெயராக இருப்பதால், கணினியில் அந்தப் பெயரைத் தேடினால் எல்லாம் ஒன்றாக வந்துவிடும். கேம் ஃபைலை மட்டும் விட்டுவிட்டு மற்றவற்றைக் கணினியில் ஓர் இடத்துக்குக் கொப்பி செய்து, பிறகு கார்டில் அழியுங்கள். கார்டைப் பிடுங்கும் முன் இஜெக்ட் கொடுக்க மறக்க வேண்டாம். மலிவுக் கார்டுகள் திடீரெனப் பிடுங்கினால் முழுதாகவே கெட்டுப்போவதுண்டு.

ஸ்டீம் டெக் வைத்திருப்பவர்கள், கேமின் ப்ராப்பர்ட்டீஸில் ஸ்டீம் கிளவுட் தெரிவை முதலில் நிறுத்துங்கள். இல்லாவிட்டால் நீங்கள் அழித்த சேவைக் கிளவுட் திரும்பக் கொண்டுவந்து வைத்துவிடும்.

விற்கவோ கொடுக்கவோ போகிறீர்கள் என்றால்

ஒவ்வொரு கேமாக அழித்துக்கொண்டிருக்க வேண்டாம். சுவிட்சில் முதலில் வேண்டிய சேவைக் கிளவுட்டுக்கோ புதிய கருவிக்கோ மாற்றுங்கள். உங்கள் நின்டெண்டோ கணக்கோடு இந்தக் கருவிக்கு உள்ள இணைப்பை நீக்குங்கள். பிறகு சிஸ்டம் பகுதியில் ஃபார்மேட்டிங் ஆப்ஷன்ஸ், அதற்குள் இனிஷியலைஸ் கன்சோல். யூசர், சேவ், கேம், உள்நினைவகத்தில் உள்ள படங்கள் எல்லாம் போகும். காசு கொடுத்து டவுன்லோட் செய்த கேம்கள் உங்கள் கணக்கில் இருக்கும், பயப்பட வேண்டாம்.

மைக்ரோ எஸ்டி கார்டை இந்த வேலை தொடாது. அதில் பிள்ளைகள் எடுத்த ஸ்கிரீன்ஷாட், வீடியோ எல்லாம் அப்படியே கிடக்கும். கார்டைக் கழற்றி வீட்டில் வைத்துக்கொள்ளுங்கள். கொடுக்கத்தான் வேண்டுமென்றால் வேண்டியதைக் கணினிக்கு எடுத்துவிட்டு, கார்டைத் தனியாக ஃபார்மேட் செய்யுங்கள். கருவியை ஒருமுறை ஆன் செய்து பாருங்கள். எந்த மொழி வேண்டும் என்று கேட்கும் முதல் திரை வந்தால் வேலை சரி, அணைத்துப் பெட்டியில் போடலாம்.